நின்ற நீர்

வைகாசி கழிந்து ஆனி பிறக்கும் நாட்களில், கொழும்பிலிருந்து கண்டிக்கு வரும் பிரயாணி கடுகண்ணாவைக் கணவாயின் வளைவுகளைத் தாண்டிப் பிலிமத்தலாவையை அணுகும்போது, கண்ணுக்கு ஒன்றும் புலப்படுவதற்கு முன்னரே, தெருவோரத்தில் டூரியன் குவித்து வைத்திருக்கிறார்கள் என்பதை மூக்கினால் அறிந்துகொள்வான். அந்த வாசனையைச் சுகந்தம் என்பாரும் உளர், துர்க்கந்தம் என்பாரும் உளர். நடுநிலை வகிப்பாரை நான் கண்டதில்லை. பேராதனையைக் கடந்து நகரத்துள் வந்தால், மத்திய சந்தையின் வாசலில் றம்புட்டான் கொத்துக் கொத்தாகச் செந்நிற மயிர் சிலிர்த்துக் கிடக்கும். அதனருகே, ஊதாவும் கருமையுங் கலந்த மங்குஸ்தான், நிறைக்கல்லை நம்பாமல் எண்ணிக்கையை நம்பி விற்கப்படும். இதனைக் கோடைப் பழக்காலம் என்று எழுதுவது வழக்கமாகிவிட்டது. உண்மையில் கண்டிக்கு உஷ்ணம் மிகுந்த காலம் பங்குனியும் சித்திரையுமே. பழம் வந்து குவிவதோ தென்மேற்குப் பருவக்காற்று மேகத்தைத் தள்ளிக்கொண்டு ஹந்தானை மலையில் மோதும் மாதங்களில். ஆகவே ஒரு கையிற் குடையும் மறு கையிற் பையுமாகத்தான் எங்கள் ஊரில் கோடைப் பழம் வாங்கப்படுகிறது.

எங்கள் வீட்டுக்கு ஒரு பக்கத்தில், மலாய் வமிசத்தில் வந்த ஓர் அம்மையார் குடியிருக்கிறார், எழுபதைக் கடந்தவர். மறு பக்கத்து வீட்டு இளைஞர், இலங்கையும் தென் கொரியாவும் 2004ஆம் ஆண்டிற் செய்துகொண்ட தொழில் ஏற்பாட்டின் வழியே மொழிப் பரீட்சை எழுதித் தேறி, ஆன்சான் நகரத்துத் தொழிற்சாலை ஒன்றில் நான்கு வருடமும் பத்து மாதமும் உழைத்துவிட்டுத் திரும்பியவர். திரும்பும்போது அவர் பெட்டிக்குள்ளிருந்த பொருள்களில் ஒன்று, கையாற் சுற்றிப் பனிக்கட்டியைச் சீவும் ஒரு சிறு பொறி. இவ்விரு வீட்டாரும் ஒரு நோன்புப் பெருநாட்குப் பின்வந்த ஞாயிற்றுக்கிழமையில் எங்கள் வீட்டு மேசையிற் சந்தித்ததன் பயனாக ஒரு பழக் கிண்ணம் பிறந்தது. அதன் செய்முறையை எழுதுவது சமையற் புத்தகத்தின் வேலை. எனக்கு அக்கிண்ணத்தில் ஈடுபாடு உண்டான காரணம் வேறு: உற்று நோக்கினால், அதிலுள்ள ஒவ்வொரு பதார்த்தமும் தண்ணீரே, ஆயினும் அத்தண்ணீரில் ஒரு துளியாவது தன் இயல்புப்படி ஓடுவதற்கு விடப்படவில்லை.

வத்தகைப்பழத்தில் நூற்றுக்குத் தொண்ணூறு பங்குக்கு மேல் நீர்; அன்னாசியில் ஏறக்குறைய 86 பங்கு; றம்புட்டானும் மாம்பழமும் எண்பதுக்கு மேல். பாலிலும் இளநீரிலும் உள்ளதைப் போன்றே நீர் நிறைந்த ஒரு வஸ்துவை நாம் கத்தியால் வெட்டித் துண்டாக்கித் தட்டில் அடுக்க முடிகிறதென்றால், அந்நீரை ஏதோ ஒன்று பிடித்து நிறுத்தியிருக்கிறது என்பதே பொருள். பழத்தில் அதைச் செய்வது கலம். கண்ணுக்குப் புலப்படாத கோடிக்கணக்கான சிறு பைகள், ஒவ்வொன்றும் உள்ளிருந்து வெளியே விம்மி, அடுத்ததை நெருக்கி, அந்த நெருக்கத்தினாலேயே பழத்துக்கு இறுக்கம் உண்டாகிறது. பல்லிடைப்பட்டு அப்பைகள் வெடிப்பதைத்தான் நாம் ‘சாறு’ என்று புகழ்கிறோம்.

இந்தப் பைகளுட் சில எங்கிருந்து கண்டிக்கு வந்தன என்பதை இங்கே சொல்லிவிடுதல் நன்று. றம்புட்டானும் மங்குஸ்தானும் டூரியனும் மலாய்த் தீவக்கூட்டத்தின் புதல்வர்கள். முதலதும் மூன்றாவதும் பெயரிலேயே மலாய் மொழியைச் சுமந்திருக்கின்றன, ஒன்று மயிருடையது, மற்றொன்று முள்ளுடையது என்று. அத்தீவுகளிலிருந்து இப்பழங்களைக் கடல் கடத்துவது எளிய காரியமன்று. நெல்லையும் பயறையும் போல இவற்றின் விதைகளை உலர்த்திப் பொட்டலங் கட்டி அனுப்ப இயலாது. உலர்ந்தால் விதை மாண்டுவிடும், ஈரத்தில் வைத்தாலோ சில நாட்களிலேயே முளைத்துவிடும். மங்குஸ்தானின் விசித்திரம் இன்னும் பெரிது. அதன் விதை மகரந்தச் சேர்க்கையின்றியே உண்டாவது. ஆதலால் ஒவ்வொரு கன்றும் தாய் மரத்தின் பிரதியாகவே வளர்கிறது, தந்தை என்று சொல்ல ஒரு மரமில்லை. பழத்தை வாங்குவோர்க்கு அது ஓர் உபகாரமுஞ் செய்கிறது: காம்புக்கு எதிர்ப்புறத்தில், பழத்தின் அடியில், பூவிதழ் போன்ற ஒரு சிறு முத்திரை பதிந்திருக்கும், அதன் இதழ்களை எண்ணினால் உள்ளே எத்தனை சுளை என்பது தெரிந்துவிடும். என் பேரப் பிள்ளைகள் சந்தையில் இதை எண்ணி ஆறு இதழுக்குக் குறைந்த பழங்களைத் தள்ளிவைப்பதைக் கண்டு வியாபாரி முகஞ் சுளித்ததுண்டு.

அலெக்சாந்தர் மூன் என்பார் 1821இல் பேராதனையில் மகாவலியின் வளைவுக்குள் தாவரத் தோட்டத்தை அமைத்தபோது, இத்தகைய இடமாற்றங்களுக்கு அது ஒரு தங்குமடமாயிற்று. பின்னர் நதானியேல் வார்ட் என்ற லண்டன் வைத்தியர், மூடிய கண்ணாடிப் பேழைக்குள் செடி தன் சுவாசத்தால் வெளியிட்ட ஈரத்தையே மீண்டும் பருகி மாதக்கணக்கில் உயிர் பிழைக்கும் என்று கண்டுபிடித்தது, உலகத்தின் வேளாண்மையையே இடம்பெயர்த்துவிட்டது. 1876இல் இலங்கைக்கு ரப்பர் கன்றுகள் வந்து சேர்ந்ததும் அத்தகைய பேழைகளிலேதான். அதுவும் நீரை அடைத்து வைத்த கதையே.

இனி அம்மையாரிடம் வருவோம். அவருடைய முன்னோர், ஒல்லாந்தர் இந்நாட்டுக் கரைகளை ஆண்ட காலத்தில், சாவகத்திலிருந்தும் அயல் தீவுகளிலிருந்தும் சிப்பாய்களாகவும் நாடு கடத்தப்பட்டவர்களாகவும் கொண்டுவரப்பட்டோர்; ஆங்கிலேயர் அவர்களைக் கொண்டு அமைத்த இலங்கை ரைபிள் படை 1873இற் கலைக்கப்பட்டபின், பலர் பொலிசிலும் தோட்டங்களிலும் வேலை தேடி மலைநாடெங்கும் பரவினர். இவர்கள் வீட்டில் வழங்கும் மலாய் மொழியைக் கேட்கும் தமிழர்க்கு ஓர் ஆச்சரியம் காத்திருக்கிறது. சொற்கள் மலாயே, ஆனால் வினைச்சொல் வாக்கியத்தின் இறுதியில் வந்து அமர்கிறது, வேற்றுமை உருபுகள் பெயரின் பின்னே ஒட்டுகின்றன. தமிழோடும் சிங்களத்தோடும் தலைமுறை தலைமுறையாகப் பழகிய மொழி, சொல்லை விட்டுக்கொடாமல் வரிசையை விட்டுக்கொடுத்திருக்கிறது. சமையலிலும் அதுவே நிகழ்ந்தது. மலாயாவில் முட்டையும் தேங்காய்ப்பாலும் பனைவகை வெல்லமுஞ் சேர்த்து அவித்தெடுக்கும் சேரிகாயா, இங்கே வந்து கித்துள் கருப்பட்டியை ஏற்று, ஏலமும் சாதிக்காயும் மணக்க, வட்டிலில் வேகும் அப்பம் என்ற பொருளில் வட்டிலாப்பம் என்று தமிழிற் பெயர் சூடிக்கொண்டது. இன்று இலங்கை முஸ்லிம்களின் பெருநாள் அது இல்லாமற் கழிவதில்லை.

அன்று மேசைக்கு அவர் கொண்டுவந்தது வட்டிலாப்பமன்று, கடற்பாசி. நோன்பு திறக்கும் வேளைக்கு வீடு தோறும் காய்ச்சப்படும் அந்தக் கண்ணாடித் துண்டங்களை நகரத்துக் கடைக்காரர் ‘சைனா கிராஸ்’ என்று விற்றாலும், விஞ்ஞான உலகம் முழுவதும் அதற்கு வழங்கும் பெயர் அகர் அகர் என்பது, அம்மையாரின் தாய்மொழிச் சொல்லே. மலாயாவிலிருந்துதான் அப்பொருள் வரவேண்டும் என்பதுமில்லை. கற்பிட்டி, புத்தளம், திருகோணமலைக் கடலோரங்களில் வளரும் ஒருவகைச் செம்பாசியைப் பத்தொன்பதாம் நூற்றாண்டின் ஐரோப்பிய மருந்துக் கடைக்காரர்கள் ‘சிலோன் மொஸ்’ என்றே அறிந்திருந்தனர்.

உலர்ந்த பாசி இழைகளைக் குளிர்ந்த நீரில் ஊறவைத்துக் கொதிக்கவிடும்போது நடப்பதைச் சற்று நின்று பார்த்தல் வேண்டும். அகரின் மூலக்கூறு நீண்ட சங்கிலி. சர்க்கரை அலகுகளே அதன் கண்ணிகள். கொதிநீரில் அச்சங்கிலிகள் ஒன்றையொன்று அறியாமல் திரிகின்றன. கண்டி கடல் மட்டத்துக்கு ஏறக்குறைய 500 மீற்றர் உயரத்தில் இருப்பதால் இங்கே தண்ணீர் நூறு பாகையில் அன்று, 98 பாகையைச் சற்றே கடந்தவுடன் கொதித்துவிடுகிறது. அகர் கரைவதற்கு 85 பாகை போதுமாதலால் இதனால் இடைஞ்சல் ஒன்றுமில்லை. இறக்கி ஆறவிட்டால், 40 பாகைக்குக் கீழே வந்ததும், சங்கிலிகள் இரண்டிரண்டாக முறுக்கிக்கொண்டு, முறுக்குகள் மேலும் ஒன்றோடொன்று சேர்ந்து, முப்பரிமாணத்தில் ஒரு வலை பின்னிவிடுகின்றன. வலை ஒரு பங்கு, நீர் தொண்ணூற்றொன்பது பங்கு! ஆயினும் கிண்ணத்தைக் கவிழ்த்தால் அது விழுந்து நிற்கிறது. இதிலும் வியப்பானது, ஒருமுறை பின்னிய வலை, பின்னிய அதே வெப்பநிலையில் அவிழ்வதில்லை. மீண்டும் 85 பாகைவரை சூடேற்றினாலன்றி உருகாது. 40இற் பூட்டி 85இற் திறக்கும் இந்தப் பூட்டினாலேதான், குளிர்சாதனப் பெட்டி என்ற ஒன்றே இல்லாத காலத்திலும், மலாயாவின் நடுப்பகல் வெயிலில், அகர் துண்டம் வியாபாரியின் தட்டில் உருகாமல் நின்றது.

இதன் அருமையை நான் அறிந்தது ஒரு தோல்வியினால். சில வருடங்களுக்கு முன்னர், கடையிலே வாங்கிய ஜெலற்றின் தூளைக் கரைத்து, அதில் புதிதாக வெட்டிய அன்னாசித் துண்டுகளைப் போட்டு, இரவு முழுவதும் குளிர்சாதனப் பெட்டியில் வைத்துவிட்டு, விடிந்ததும் ஆசையோடு திறந்தேன். உள்ளே இருந்தது இனிப்பான தண்ணீர். தூள் பழையதென்று கடைக்காரரை மனதுக்குள் நொந்துகொண்டு, வேறு பொட்டலம் வாங்கி மறுபடியும் செய்தேன். மீண்டும் தண்ணீர். மூன்றாம் முறை அன்னாசிக்குப் பதிலாக மாம்பழம் போட்டபோது அது கட்டியாக உறைந்தது. அப்பொழுதுதான் மூளை விழித்தது. ஜெலற்றின் மிருகங்களின் எலும்பிலும் தோலிலுமிருந்து எடுக்கப்படும் புரதம்; அன்னாசியிலே புரோமெலின் என்று புரதத்தைத் துண்டு துண்டாக நறுக்கும் நொதியம் இருக்கிறது. வலை பின்னப் பின்ன, ஒருவன் கத்தரிக்கோலோடு பின்னாலே வந்துகொண்டிருந்தால் வலை எப்படி முடியும்? அன்னாசியை அதிகம் உண்டால் நாக்கு எரிவதற்கும் இந்தக் கத்தரிக்கோல் ஒரு காரணம். பப்பாசியிலும் இதன் உடன்பிறப்பு உண்டு. முற்றிய இறைச்சியை நம் வீடுகளில் பப்பாசிக் காயோடு பிசைந்து வைப்பதும், கொரியர் மாட்டிறைச்சியைப் பேரிக்காய்ச் சாற்றில் ஊறவைப்பதும் ஒரே வித்தையின் இரு கிளைகள். அன்னாசியை முதலிலே கொதிக்கவைத்தால் நொதியம் அழிந்துவிடும், ஜெலற்றினும் உறையும்; ஆனால் பழத்தின் பச்சை மணம் போய்விடும். அகரோ புரதமன்று. அன்னாசியின் கத்தரிக்கோலுக்கு அதில் வெட்ட ஒன்றுமில்லை.

இவ்விஷயத்தில் சமையலறை ஆராய்ச்சிசாலைக்குக் கடன் கொடுத்த வரலாறு ஒன்றுண்டு. 1881ஆம் ஆண்டு, ஜெர்மனியில், றொபேட் கொக்கின் ஆராய்ச்சிசாலையில் பணியாற்றிய வால்டர் ஹெஸ்ஸே, பற்றீரியாக்களை ஜெலற்றின் மீது வளர்க்க முயன்று அலுத்துப்போயிருந்தார். கோடையிலே ஜெலற்றின் உருகிற்று. மனித உடலின் 37 பாகை வெப்பத்தில் கிருமிகளை வளர்க்கலாமென்றால் அப்போதும் உருகிற்று. அதனினும் மோசம், சில கிருமிகள் ஜெலற்றினையே தின்று நீராக்கின. அன்னாசி என் கிண்ணத்திற் செய்ததையே அவை அவருடைய தட்டிற் செய்தன. அவருடைய மனைவி பானி ஹெஸ்ஸே, கணவனின் ஆராய்ச்சிக்குச் சித்திரம் வரைந்துதவியவர், அமெரிக்காவிற் பிறந்தவர். சாவகத்தில் வாழ்ந்து திரும்பிய ஒல்லாந்தரிடமிருந்து அவர் குடும்பம் கற்றுக்கொண்ட அகர் பாகத்தை வெயில் நாட்களிலும் உருகாத இனிப்புக்களுக்குப் பயன்படுத்தி வந்தவர். அதை முயன்று பாருங்களேன் என்றார். அடுத்த வருடம் காசநோய்க் கிருமியைப் பற்றிக் கொக் வெளியிட்ட புகழ்பெற்ற கட்டுரையில் அகர் ஒரு வரியில் இடம்பெற்றது. பானி ஹெஸ்ஸேயின் பெயர் இடம்பெறவில்லை. இன்று கண்டிப் பெரியாஸ்பத்திரி உள்ளிட்ட எந்த வைத்தியசாலையின் பரிசோதனைக் கூடத்திலும் சளியோ சீழோ முதலிற் சென்று பரவுவது அகர் பூசிய தட்டின்மீதுதான். அம்மையாரிடம் இதைச் சொன்னபோது அவர் சிறிதும் அதிசயிக்கவில்லை. “சாவகத்து ஆக்கள் சொல்லித்தானே தம்பி அவளுக்குந் தெரிஞ்சிருக்கு” என்றார்.

கொரியாவிலும் அகர் உண்டு. கடற்பாசியைக் காய்ச்சி உறையவைத்த கட்டியை அங்கே மாரிகாலத்தில் வெட்டவெளியிற் பரப்புகிறார்கள். இரவிலே உள்ளிருக்கும் நீர் பனிக்கட்டியாகி வலையை விட்டுப் பிரிகிறது, பகலிலே அது உருகி வடிந்துவிடுகிறது. சில கிழமைகளில் வலை மாத்திரம், காகிதம்போல் உலர்ந்து, எஞ்சுகிறது. நீரைப் பிடிக்கும் வலையிலிருந்து நீரைப் பிரித்தெடுப்பதற்கு உறைபனியை ஏவியவர்கள் அவர்கள். ஏனெனில், உறைபனி அவர்களுக்குத் தாராளமாகக் கிடைத்தது.

மலாயாவின் இனிப்புக்கும் கொரியாவின் இனிப்புக்கும் அடிப்படையான பேதம் இதுவே என்பது என் துணிபு. பனியைக் கண்டறியாத வெப்பநாடு, நீரைப் பாசியாலும் சவ்வரிசியாலும் அரிசிமாவாலுங் கட்டி நிறுத்தக் கற்றது. மாரியில் ஆறுகள் உறையும் நாடு, நீரை உறையவைத்தே நிறுத்தி, அந்த உறைவைக் கோடைவரை காப்பாற்றக் கற்றது. சில்லா வமிசத்து அரசன் ஜிஜுங் கி.பி. 505இல் பனிக்கட்டியைச் சேமிக்கும்படி ஆணையிட்டதாக அந்நாட்டுப் பழஞ் சரித்திரம் கூறுகிறது. கியோங்ஜு நகரில் 1738இற் கட்டப்பட்ட கற்பனிக்கிடங்கு ஒன்று இன்றும் நிற்கிறது: பாதி மண்ணுக்குள் புதைந்த நீண்ட அறை, கருங்கல் வளைவுக் கூரை, கூரையிலே சூடான காற்று மேலேறி வெளியேறத் துவாரங்கள், உருகிய நீர் தங்காமல் ஓடச் சரிவான தரை. கட்டிகளுக்கிடையே வைக்கோல். உருகிய நீரை உடனே வடியச் செய்தல் ஏன் இவ்வளவு முக்கியம் என்று வாசகர் கேட்கலாம். நீர், காற்றைவிட மிக விரைவாக வெப்பத்தைக் கடத்துவது, உருகிய நீரிலே நிற்கும் பனிக்கட்டி தன் கண்ணீரிலேயே கரைகிறது.

நம்மவர்களும் இதன் சாயலைக் கண்டதுண்டு. 1833இல் பொஸ்டன் துறைமுகத்திலிருந்து பிரெடெரிக் டியூடர் அனுப்பிய கப்பல் 180 தொன் பனிக்கட்டியோடு புறப்பட்டு, நான்கு மாதங்கள் வெப்ப மண்டலக் கடலைக் கடந்து, ஏறக்குறைய 100 தொன்னோடு கல்கத்தாவை அடைந்தது. மரத்தூளே அதற்குப் போர்வை. சென்னையில் அவர் 1842இற் கட்டிய பனிக்கிடங்கை ஐஸ் ஹவுஸ் என்று இன்றும் அழைக்கிறார்கள். பின்னாளில் சுவாமி விவேகானந்தர் அங்கே தங்கியதால் அவர் பெயரையும் அது பெற்றது.

பனிக்கட்டி இத்தனை பிரயாசைக்குத் தகுதியானதுதான். பூச்சியப் பாகையிலுள்ள ஒரு கிராம் பனிக்கட்டி, தன் வெப்பநிலை சிறிதும் உயராமல் வெறுமனே உருகுவதற்கு உட்கொள்ளும் வெப்பம், அதே ஒரு கிராம் நீரைப் பூச்சியத்திலிருந்து எண்பது பாகைவரை சூடாக்கப் போதுமானது. நாக்கின் மீது வைத்த பனித்தூள் அந்த வெப்பத்தை நாக்கிடமிருந்தே பறிக்கிறது. ஆனால் வெறும் பனிக்கட்டியைச் சீவினால் மணல்போல நறநறக்கும். அயல்வீட்டு இளைஞர் நீரை உறையவைக்கவில்லை. பசும்பாலோடு டின்பாலைக் கலந்து உறையவைத்து, அந்தக் கட்டியைப் பொறியில் வைத்துச் சுற்றினார். தும்பைப்பூப் போன்ற ஏதோ ஒன்று கிண்ணத்தில் விழுந்து குவிந்தது. “கொரியாவில இதப் பிங்சு எண்டு சொல்லுவாங்க ஐயா, ஆடி மாசத்தில வேலை முடிஞ்சு வந்தா எல்லாருக்கும் இதுதான்” என்றார். நீர் உறையும்போது அதன் மூலக்கூறுகள் தம்மைப் போன்றவற்றையே சேர்த்துக்கொண்டு பளிங்காக வளர முயல்கின்றன. சர்க்கரையும் பாற்புரதமும் கொழுப்புத் துளிகளும் நடுவே வந்து வழிமறிப்பதனால் பெரும் பளிங்கு ஒன்று வளர்வதற்குப் பதிலாக நுண்பளிங்குகள் பல உண்டாகின்றன. அன்றியும் சர்க்கரை உறைநிலையையே தாழ்த்திவிடுகிறது. நூற்றுக்குப் பத்துப் பங்கு சர்க்கரையுள்ள நீர் பூச்சியத்துக்கு அரைப் பாகைக்கும் சற்றுக் கீழேதான் உறையத் தொடங்கும். உறையாது எஞ்சிய அந்தச் சிறிது பாகு, பளிங்குகளுக்கிடையே எண்ணெய்போல நின்று, சீவும் கத்திக்கு இடங்கொடுக்கிறது.

பழத்தையும் உறையவைத்தால் என்ன என்று என் மகன் கேட்டான். செய்து பார்த்தோம். உறையும் நீர் ஏறக்குறைய நூற்றுக்கு ஒன்பது பங்கு பருமனிற் பெருகும். முன் சொன்ன கலப் பைகளை அந்தப் பளிங்குகள் கிழித்துவிட, உருகியதும் மாம்பழத் துண்டு நனைந்த துணிபோலத் துவண்டு கிடந்தது. ஒருவகை நிறுத்தல் மற்றொருவகை நிறுத்தலைக் கெடுத்துவிடுகிறது. ஆகவே பனி மேலே, பழம் நடுவே என்று முடிவாயிற்று.

கொரியர் பிங்சுவின் மீது செம்பயறு அவித்துப் பரப்புவர். மலாயாவின் ‘ஐஸ் கச்சாங்’கிலும் அடியிலே அதே பயறு கிடக்கும். கண்டிச் சந்தையில் அது அகப்படவில்லை. காலையுணவுக்கு நாம் தேங்காய்ப்பூவோடு உண்ணும் சிவப்புக் கௌபி அதே தாவரக் குலத்தைச் சேர்ந்த நெருங்கிய உறவு. கித்துள் கருப்பட்டியில் அதனை வேகவைத்து இறக்கினோம், பேதம் தெரியவில்லை என்று ஆன்சானில் வாழ்ந்தவரே சாட்சி கூறினார். ரம்பையிலையைப் பற்றியும் ஒரு வார்த்தை. நம் வீடுகளில் கறிக்குத் தாளிக்கும் அதே இலையை மலாயர் இனிப்புக்கே உரியதாக்கியிருக்கிறார்கள். அதன் வாசனைக்குக் காரணமான மூலக்கூறே பாஸ்மதி அரிசியிலும் இருக்கிறது. ஆதலால் தேங்காய்ப்பாலில் ஒரு ரம்பையிலையை முடிந்து போட்டுச் சூடாக்கினால், எங்கோ நெய்ச்சோறு வேகிறது என்று பக்கத்து வீட்டார் நினைப்பதில் பிழையில்லை.

கித்துள் பாணி எங்கள் மலைநாட்டின் சொத்து. கித்துள் மரத்தின் பூங்குலையைச் சீவி, இரவும் பகலும் சொட்டும் தெளுவை, புளித்துக் கள்ளாகிவிடாமல் ஹல் மரப்பட்டை இட்ட முட்டியில் ஏந்தி, விறகடுப்பிலே பல மணிநேரம் வற்றக் காய்ச்சுவார்கள். நீர் ஆவியாகப் போகப்போகச் சர்க்கரையும், சாற்றிலிருந்த அமினோ அமிலங்களும் நெருங்கி வினைபுரிந்து, பாணிக்கு அந்தக் கருஞ்சிவப்பையும், சிறிது புகையும் சிறிது கசப்புங் கலந்த ரசத்தையும் கொடுக்கின்றன. பாண் மேலோடு பொன்னிறமாவதும் வறுத்த கோப்பி மணப்பதும் இவ்வினையினாலேயே. பிரெஞ்சு ரசாயனி மெய்யார் 1912இல் விளக்கியது இதனை. மலாக்காவின் கருவெல்லத்துக்கும் இதுவே வழி. மரம் மாத்திரம் வேறு. இதே கித்துளின் தண்டுக்குள்ளிருக்கும் சோற்றை இடித்து எடுக்கும் மாவு, மலாய்த் தீவுகளின் சாகுப் பனை மாவுக்கு ஒப்பானது. சவ்வரிசி என்று நாம் வாங்குவது இப்பொழுது பெரும்பாலும் மரவள்ளிக் கிழங்கு. யுத்தகாலத்தில் கிழக்கிலிருந்து வரவு நின்றபோது, 1943இல், சேலத்தார் தொடங்கிய தொழில் அது. கித்துள் மாவைக் கிளறி, இடியப்ப உரலிற் பிழிந்து, செண்டோல் என்ற மலாய் இனிப்பின் நூல்களைப் போலக் குளிர்நீரில் விழுத்தலாமென்று நான் முயன்றேன். நூல் விழவில்லை, கபில நிறக் கட்டிகளே விழுந்தன. அவற்றையும் உண்டோம்.

அன்று மாலை கிண்ணம் அடுக்கப்பட்ட வரிசையை அம்மையாரே நிர்ணயித்தார். அடியிலே கௌபி. அதன்மேல் விரல்நுனி அளவான அகர் துண்டங்கள். கொடித்தோடைச் சாறு கலந்தவை. அச்சாற்றை அகரோடு கொதிக்கவிடாமல், இறக்கியபின்னரே கலக்கவேண்டும், ஏனெனில் புளிப்பும் கொதியுஞ் சேர்ந்தால் அகரின் சங்கிலிகள் அறுந்து கட்டி இளகிவிடும். இக்காரணத்தை நான் விளக்கத் தொடங்கியபோது அவர் ஏற்கெனவே அடுப்பை அணைத்துவிட்டிருந்தார். பின்னர் றம்புட்டான் சுளை, அன்னாசி, வத்தகை. அதன்மேல் இளைஞரின் பாற்பனி. நான் பாணிப் போத்தலை எடுத்துப் பழத்தின்மேல் ஊற்றப்போனேன். “பாணியக் கடைசியில, சாப்பிடுற நேரத்தில ஊத்தோணும் தம்பி, இப்ப ஊத்தினா பழம் அழும்” என்றார்.

பழம் அழுகிறது என்பதைப் பாடசாலைப் புத்தகங்கள் பிரசாரணம் என்று சொல்லும். வெளியே செறிந்த பாகு, உள்ளே ஐதான சாறு, இடையே நீரை மாத்திரம் கடக்கவிடும் மென்சவ்வு. நீர் செறிவை நோக்கி வெளியே நடக்கிறது, கலம் வாடுகிறது. பாணியை முந்தி ஊற்றிய ஒரு சிறு கிண்ணத்தைப் பரீட்சைக்காக ஒதுக்கி வைத்தேன்: கால் மணி நேரத்தில் வத்தகைத் துண்டின் விளிம்புகள் மழுங்கி, அடியில் இளஞ்சிவப்பு நீர் தேங்கிவிட்டது. தேங்காய்ப்பாலுக்கும் கடைசி இடமே. ஒருமுறை முந்தி ஊற்றியதில், பனியைத் தொட்ட இடத்தில் பாலின் கொழுப்பு வெண்மணலாகத் திரண்டு நாக்கில் ஒட்டியது. தேங்காய்க் கொழுப்பு 24 பாகைக்குக் கீழே உறைவது. தை மாதக் காலைகளில் கண்டி வீடுகளின் எண்ணெய்ப் போத்தல்கள் வெளுத்து இறுகியிருப்பதைக் கண்டவர்க்கு இதில் வியப்பிராது. பாலிலே ஒரு சிட்டிகை உப்பு. அது பாணியின் கசப்பை அடக்கும். பாணியை நான் அளவென்று நினைத்ததற்கு இரு மடங்கு ஊற்றினார் அம்மையார். குளிர்ந்த நாக்குக்கு இனிப்பு மங்கலாகவே தெரியும் என்பதால் அவர் கை சரி. உருகிய ஐஸ்கிறீம் தெவிட்டுவதும் அதனாலேயே.

வெளியே மழை பெய்துகொண்டிருந்தது. ஆறு பேர் உண்டோம். இளைஞர் தம் பங்கை அடிவரை கலக்கி உண்டார், கொரியாவிற் பழகியதாம். அம்மையார் ஒவ்வோர் அடுக்காக, மேலிருந்து இறங்கி உண்டார். என் மனைவி இடையிலே தொலைபேசிக்கு எழுந்து சென்று இருபது நிமிஷங் கழித்துத் திரும்பியபோது, அவளுடைய கிண்ணத்தில் பனி முழுவதும் இறங்கி, பாலும் பாணியுங் கலந்த பழுப்பு நீராகியிருந்தது. அதன் நடுவே அகர் துண்டங்கள், மூலை மழுங்காமல், வைத்தது வைத்தபடியே நின்றன.

எஞ்சிய அகரை ஒரு தட்டிலிட்டு மூடிக் குளிர்சாதனப் பெட்டியில் வைத்தோம். மறுநாட் காலையில் தட்டின் அடியில் ஒரு கரண்டியளவு நீர் கசிந்திருந்தது. வலையின் முறுக்குகள் இரவு முழுவதும் மேலும் மேலும் நெருங்கி, தம்மிடையே இருந்த நீரிற் சிறிதைப் பிழிந்து வெளியே தள்ளியிருந்தன. பழுதாகிவிட்டதோ என்று மதிலுக்கு மேலாக அம்மையாரைக் கேட்டேன். “ஒண்டுமில்ல தம்பி, தண்ணிய ஊத்திட்டுச் சாப்பிடுங்க” என்றார்.